லில்லிக் கிழங்கு

அரியலூர் ஸ்டேஷன் பிளாட்பாரத்தில் அந்த நாளில் ஒரு நீளமான பூப்பாத்தி உண்டு. செங்கல்லைச் சாய்வாக நட்டு, சுண்ணாம்பு அடித்து, உள்ளே லில்லி போட்டிருந்தார்கள். இப்போது நர்சரிகளில் மழை லில்லி என்று சொல்லி விற்கிறார்கள். எங்களுக்கு வெறும் லில்லிதான். மாதக்கணக்கில் புல்லா செடியா என்று தெரியாமல் கிடக்கும். கோடையில் ஒரு மழை இறங்கினால் போதும், இரண்டு மூன்று நாளில் பாத்தி முழுக்க ஒன்றுபோலக் காம்பு நிமிர்ந்து இளஞ்சிவப்பாகப் பூத்துவிடும். சுண்ணாம்புக்கல் ஏற்றுகிற வேகன்களிலிருந்து பறக்கும் தூசி எல்லாவற்றின் மேலும் படிந்து கிடந்த அந்த இடத்தில், கண்ணுக்குச் சுத்தமாகத் தெரிந்தது அந்தப் பூ ஒன்றுதான்.

என் அப்பா அந்த ஸ்டேஷனில் தண்டவாளம் மாற்றிவிடுகிற பாயிண்ட்ஸ்மேன். பின்னால் இருந்த குவார்ட்டர்ஸில் அப்பா, அம்மா, நான், இரண்டு தங்கைகள். பாத்தியில் கிழங்கு பெருகி நெருக்கும்போது கொத்திப் பிரித்து வெளியே எறிவார்கள். அப்படி எறிந்ததைப் பொறுக்கிவந்து எங்கள் தண்ணீர்க் குழாயைச் சுற்றி நட்டேன். நான் வளர்த்த ஒரே செடி அது. எழுபதுகளின் நடுவில் எனக்குப் பூலாம்பாடிப் பக்கத்தில் நிலத்தை நம்பிப் பிழைக்கிற ஒரு சம்சாரி வீட்டில் கல்யாணம் ஆயிற்று. மறுவீடு வந்துவிட்டுத் திரும்பும்போது அதில் கொஞ்சம் கிழங்கைப் பிடுங்கி ஒரு மஞ்சள் பையில் போட்டு எடுத்துக்கொண்டேன்.

நான் வாழ்க்கைப்பட்ட ஊர் வெங்காய ஊர். சின்ன வெங்காயம் நன்றாக விளைந்த வருஷம் கல்யாணம் நடக்கும், அழுகிய வருஷம் தள்ளிப்போகும். என் மாமனார் முன்பே இறந்துவிட்டார். மாமியார்தான் வயலுக்கும் வீட்டுக்கும் தலை. விதைக்காகப் பொறுக்குவதும், ஆள் வைத்துக் களையெடுப்பதும், வியாபாரி வந்தால் எதிரே நின்று பேசுவதும் அவர்தான். வெங்காயத்தைக் கையில் எடுத்தால் எந்த மண்ணில் விளைந்தது என்று சொல்லிவிடுவார் என்று ஊரில் பேச்சு.

நான் போன அன்றைக்கே என் பையைத் திறந்து ஒரு கிழங்கை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

“இது வெங்காயமில்லியே. தோலு கருப்பால்ல இருக்கு. என்னாடி இது?”

“பூச்செடிங்க அத்தை. லில்லி.”

“தலையில வைக்கிற பூவா?”

“தலையில நிக்காதுங்க. வாடிப்போயிடும். பாக்க நல்லாருக்கும்.”

“பாத்து என்னா பண்றது,” என்றார். ஆனாலும் கொல்லையில் துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் இடம் காட்டினார். “அங்கன ஈரமா இருக்கும். நட்டுக்க.”

அவர் கொடுமைக்காரி இல்லை. இதை நான் சொல்லித்தான் ஆக வேண்டும். கொடுமைக்காரி என்றால் எனக்கு இவ்வளவு நாள் நெஞ்சில் நின்றிருக்காது.

வைகாசியில் மழை பெய்து முதல் தடவை பூத்தபோது என் கணவர் மாட்டுக்குத் தண்ணீர் காட்டிவிட்டு வந்து வாளியோடு நின்று பார்த்தார். “நல்லாத்தான் இருக்கு,” என்றார். அதிகம் பேசாத மனுஷர். அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு நான் பல நாள் நிறைவாக இருந்தேன்.

அடுத்த வருஷம் விதை வெங்காயம் பொறுக்கும் சமயத்தில் ஒன்றைக் கவனித்தேன். மாமியார் பொறுக்கி வைத்த குவியலை என் கணவர் அவர் அந்தப்பக்கம் போனதும் மறுபடி கிளறுவார். அழுகலும் முளைவிட்டதும் நிறையவே கலந்திருக்கும். அவற்றை எடுத்துச் சாக்குக்கு அடியில் மறைத்துக் கொண்டுபோய்க் குப்பையில் போடுவார். நான் பார்த்துவிட்டேன் என்று தெரிந்ததும் அருகில் வந்தார்.

“அம்மாவுக்குக் கண்ணு மங்குது. நீ எங்கயும் சொல்லிவைக்காத. ஆளுங்களுக்குத் தெரிஞ்சா மதிக்க மாட்டாங்க.”

“ஆஸ்பத்திரியில காட்டலாம்ல?”

“சொன்னா கத்துவாங்க. கண்ணு தெரியலன்னு ஒத்துக்க மாட்டாங்க.”

என்னை நம்பி ஒரு விஷயம் சொன்னாரே என்று அன்றைக்கு எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அந்தச் சந்தோஷத்தை நினைத்தால் இப்போது என் மேலேயே எரிச்சல் வருகிறது.

கல்யாணமாகி இரண்டு வருஷம் ஓடியும் எனக்குக் குழந்தை தங்கவில்லை. யாரும் முகத்துக்கு நேரே கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதையே ஒரு பெரிய உதவியாக என்னிடம் காட்டிக்கொண்டார்கள்.

அந்தப் பங்குனியில் வெங்காயம் நன்றாக விளைந்தது. விதைக்கு நிறுத்தி வைக்கக் கொல்லையில் புதிதாகப் பட்டறை போட வேண்டும் என்று மாமியார் சொன்னார். கல்லை அடுக்கி, அதன் மேல் மூங்கில் பரப்பி, சுற்றிலும் தட்டி கட்டி, மேலே கீற்று வேய்ந்து, காற்றோட்டமாக வெங்காயம் சேர்த்து வைப்பதைத்தான் பட்டறை என்போம். துவைக்கிற கல்லுக்குப் பக்கத்து இடம்தான் மேடு, கல்லை வேறு பக்கம் போட்டுக்கொள்ளலாம் என்றார். அதனால் லில்லியைத் தோண்டி எடுக்க வேண்டியதாயிற்று. நானே கொத்தி எடுத்தேன். நான் கொண்டுவந்தது சிறிது, அங்கே பெருகியிருந்தது ஒரு முறம் நிறைய. வாடிய இலைகளை அரிவாளால் கழித்து, மண்ணை உதறி, முறத்தில் பரப்பி, அடுப்படிக்கு வெளியே இருந்த மேடையில் ஓரமாக வைத்தேன். பட்டறை முடிந்ததும் அதன் பின்பக்கம் நட்டுக்கொள்கிறேன் என்று கணவரிடம் சொன்னேன். அவர் முறத்தைப் பார்த்துவிட்டு, “நட்டுக்க,” என்றார்.

அதே மேடையில்தான் சமையலுக்கு எடுக்கிற வெங்காயமும் இன்னொரு முறத்தில் காய்ந்துகொண்டிருக்கும்.

மறுநாள் நாத்தனார் வந்தார். என் கணவருக்கு அக்கா. சிறுவாச்சூரில் கோயில் பக்கத்தில் அவர் வீட்டுக்காரருக்குத் தேங்காய்க் கடை. அம்மாவைப் பார்த்துப் போகலாம் என்று ஐந்து வயதுப் பெண்ணையும் அழைத்து வந்திருந்தார். அந்தப் பிள்ளை என்னோடு நன்றாக ஒட்டிக்கொள்ளும். வந்ததும் வராததுமாக என் மடியில்தான் உட்காரும். ஆனால் அன்று நான் தீட்டு. அந்த வீட்டில் மூன்று நாள் மாட்டுக் கொட்டகைக்குப் பக்கத்துச் சார்ப்பில்தான் இருக்க வேண்டும். அடுப்படிப் பக்கம் போகக் கூடாது. எல்லோரும் சாப்பிட்ட பிறகுதான் எனக்குத் தட்டில் போட்டுத் தூரத்தில் வைப்பார்கள்.

மாமியார்தான் சமைத்தார். மகள் வந்திருக்கிறாள் என்று முழு வெங்காயம் போட்டுப் புளிக்குழம்பு. மேடைக்கு வந்து ஒரு முறத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போனதை நான் சார்ப்பிலிருந்து முதுகுப்பக்கமாகப் பார்த்தேன். எந்த முறம் என்று அங்கிருந்து தெரியவில்லை. அடுப்படிக்குள் ஜன்னல் கிடையாது. உள்ளே உட்கார்ந்து இருட்டில் உரித்திருக்கிறார். லில்லிக் கிழங்கை உரித்தால் கண்ணில் தண்ணீர் வராது. ஆனால் அவருக்கு அப்போதெல்லாம் எந்நேரமும் கண்ணில் தண்ணீர் வடிந்துகொண்டுதான் இருந்தது. மூக்கோ பொடி போட்டுப் போட்டு மரத்துப்போனது. அவரை ஏமாற்றுவதற்கு அந்தக் கிழங்கு பெரிதாக ஒன்றும் செய்ய வேண்டியிருக்கவில்லை.

மத்தியானம் நாலு பேரும் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். மாமியார், கணவர், நாத்தனார், குழந்தை. “என்னம்மா, குழம்பு கசக்குது,” என்று நாத்தனார் சொன்னது காதில் விழுந்தது. “வெந்தயம் கூடிப்போச்சு,” என்றார் மாமியார்.

எனக்குச் சோறு வருவதற்கு முன்பே குழந்தை வாந்தி எடுக்க ஆரம்பித்துவிட்டது. பிறகு நாத்தனார். பிறகு என் கணவர் ஓடிவந்து கொல்லையில் குந்திக்கொண்டார். மாமியார் நிலைப்படியைப் பிடித்தபடி அப்படியே சரிந்து உட்கார்ந்தார். எடுத்தும் எடுத்தும் நிற்கவில்லை. குழந்தைக்கு வயிற்றில் இருந்ததெல்லாம் போய் வெறும் நுரையாக வந்தது. கண் செருகியது. தீட்டாவது ஒன்றாவது என்று நான் உள்ளே ஓடினேன். குழம்புச் சட்டியைப் பார்த்தேன். கரண்டியால் ஒன்றை எடுத்து நசுக்கினேன். கொழகொழவென்று வந்தது. வெளியே மேடைக்கு ஓடினேன். வெங்காய முறம் அப்படியே இருந்தது. என் முறத்தில் பாதி காலி.

பக்கத்து வயலில் வெங்காயம் ஏற்ற வந்திருந்த லாரியை நிறுத்தி எல்லோரையும் ஏற்றிக்கொண்டு பெரம்பலூர் ஆஸ்பத்திரிக்குப் போனோம். குழந்தையை நான்தான் மடியில் வைத்திருந்தேன். போகும்போதே முறத்திலிருந்து ஒரு கிழங்கை எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டேன். எதைத் தின்றார்கள் என்று தெரிந்தால்தானே டாக்டர் வைத்தியம் பார்ப்பார் என்று நினைத்தேன். அதற்கு மேல் எதையும் நினைக்கத் தெரியாத வயது.

டாக்டர் எல்லோரையும் பொதுவாகப் பார்த்து, “என்ன சாப்பிட்டாங்க?” என்று கேட்டார்.

யாரும் பேசும் நிலையில் இல்லை. நான் முடிச்சை அவிழ்த்துக் காட்டினேன். “சார், இது லில்லிக் கிழங்கு. வெங்காயம்னு நெனச்சுக் குழம்புல போட்டுட்டாங்க.”

அவர் அதை வாங்கிப் பார்த்தார். “நல்லவேளை சொன்னீங்க. இல்லன்னா பூச்சி மருந்தோன்னு நாங்க வேற மாதிரிப் போயிருப்போம்.” குழந்தைக்கு உடனே பாட்டில் ஏற்றினார்கள். மற்றவர்களுக்கு ஊசி போட்டு வராந்தாவில் பாயில் படுக்க வைத்தார்கள். சாயங்காலத்துக்குள் குழந்தை கண்ணைத் திறந்து, “அத்தே,” என்று என்னைக் கூப்பிட்டது.

அந்தக் குரல் கேட்டதும்தான் நாத்தனார் எழுந்து உட்கார்ந்தார். என்னையே பார்த்தார்.

“நாங்க எல்லாரும் குடல் வெளிய வர்ற மாதிரிக் கெடக்குறோம். உனக்கு மட்டும் எப்படி ஒண்ணும் ஆவல?”

“நான் இன்னும் சாப்புடலீங்க அண்ணி.”

“என்னாத்தத் தின்னோம்னு உனக்கு எப்படித் தெரிஞ்சுச்சு?”

“சட்டியப் பாத்தேங்க.”

“வீட்டுக்குத் தூரமானவ அடுப்படிக்குள்ள எப்படிப் போன?”

என்னிடம் எல்லாவற்றுக்கும் பதில் இருந்தது. ஒவ்வொரு பதிலும் அடுத்த கேள்விக்கு அவர்களுக்கு வழி செய்து கொடுத்தது. என் கணவர் சுவரில் சாய்ந்து கண்ணை மூடியிருந்தார். தூங்கவில்லை. இமை துடித்துக்கொண்டிருந்தது.

வீட்டுக்குத் திரும்பியதும் பங்காளிகள் வந்து உட்கார்ந்தார்கள். அரியலூருக்கு ஆள் அனுப்பி அப்பாவையும் வரவழைத்தார்கள். டூட்டி முடிந்து யூனிபார்மோடு அப்படியே வந்திருந்தார். அவருக்கு ஒரு நாற்காலி போட்டார்கள். நான் கதவுக்கு அந்தப்பக்கம் நின்றேன்.

பெரியவர் ஒருவர்தான் ஆரம்பித்தார். “தெரியாம நடந்துதா, தெரிஞ்சு நடந்துதான்னு ஒரு முடிவுக்கு வரணும்.”

மாமியார் நேராக உட்கார்ந்து சொன்னார்: “வெங்காயத்துலயே பொறந்து வெங்காயத்துலயே வளந்தவ நான். எனக்கு வெங்காயம் எது, வெசக் கெழங்கு எதுன்னு தெரியாதா? நான் வெங்காய முறத்துலேருந்துதான் எடுத்தேன். அதுல இது எப்படி வந்துச்சு?”

“அவுங்களுக்கா தெரியாது,” என்றார் இன்னொருவர். “இந்தப் பொண்ணு கொண்டாந்த அன்னிக்கே இது வெங்காயமில்லன்னு சொன்னவங்களாச்சே.”

அது உண்மைதான். அன்றைக்குச் சொன்னார். இரண்டு வருஷத்துக்கு முன்பு அவரால் பார்க்க முடிந்தது.

“எதுக்குங்க என் பொண்ணு அப்படிச் செய்யப்போறா?” என்று அப்பா கேட்டார்.

நாத்தனார் தன் பெண்ணை அணைத்துக்கொண்டு, “வவுத்துல ஒண்ணு இல்லாதவளுக்கு அடுத்தவ புள்ளயப் பாத்தா எரியாதா?” என்றார்.

நான் என் கணவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கதவிடுக்கு வழியாக அவர் முகம் தெரிந்தது. வெங்காயக் குவியலைக் கிளறி அழுகலை மறைத்த மனுஷர். என் முறத்தைப் பார்த்து “நட்டுக்க” என்று சொன்னவர். அவர் ஒரு வாக்கியம் சொன்னால் போதும். அம்மாவுக்குக் கண் சரியில்லை. அவ்வளவுதான். யாருக்கும் தண்டனை கிடைக்கப்போவதில்லை. யாரும் சாகவில்லை. கண் மங்குவது ஒரு குற்றமில்லை. அவர் தரையில் கிடந்த வைக்கோல் துரும்பை எடுத்து ஒடித்துக்கொண்டிருந்தார். ஒடித்ததை மறுபடி ஒடித்தார்.

பொறுக்க முடியாமல் நானே சொல்லிவிட்டேன். “அத்தைக்குக் கண்ணு சரியாத் தெரியலீங்க. ரொம்ப நாளாவே.”

அந்த வார்த்தையோடு எல்லாம் முடிந்தது. மாமியார் எழுந்து நின்றார். “என்னிய குருடிங்கிறா,” என்று பங்காளிகளைப் பார்த்துச் சொன்னார். கிழங்கு விவகாரத்தில் சந்தேகமாக இருந்தவர்களுக்கும் அதோடு சந்தேகம் தீர்ந்துவிட்டது. பெரியவர் என் கணவரிடம், “ஏம்பா, அம்மாவுக்குக் கண்ணு தெரியலியா?” என்று ஒப்புக்குக் கேட்டார்.

“அதெல்லாம் நல்லாத்தான் தெரியும்,” என்றார் என் கணவர்.

அன்றைக்கே அப்பாவோடு அனுப்பிவிட்டார்கள். பெரம்பலூரில் பஸ் மாறும்போது எனக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்தார். “நீ செஞ்சிருக்க மாட்ட,” என்றார். அதைக் கேள்வியாகக் கேட்டாரா, ஆறுதலாகச் சொன்னாரா என்று எனக்கு விளங்கவில்லை. என் அப்பாவிடம் அதைக் கேட்டுத் தெளிவாக்கிக்கொள்ள எனக்குத் தைரியம் வரவே இல்லை.

ஆறு மாதத்துக்குமேல் குவார்ட்டர்ஸில் இருந்தேன். அந்த வருஷக் கோடை மழைக்குக் குழாயடியில் லில்லி பூத்தது. பிளாட்பாரத்திலும் பூத்தது. ரயிலுக்குக் காத்திருப்பவர்கள் நின்று பார்த்துவிட்டுப் போனார்கள். அம்மா ஒரு நாள் களைக்கொத்தை எடுத்துக் குழாயடியைச் சுத்தமாகக் கொத்திப் போட்டாள். நான் ஏன் என்று கேட்கவில்லை. தங்கைகளைப் பெண் பார்க்க வருகிறவர்கள் வீட்டைச் சுற்றிப் பார்ப்பார்கள், மூத்தவள் ஏன் இங்கே இருக்கிறாள் என்று விசாரிப்பார்கள் என்பது எனக்கே தெரியும்.

ஐப்பசியில் என் கணவர் வந்தார். அப்பாவுக்குப் பழம் வாங்கி வந்திருந்தார். நாற்காலி நுனியில் உட்கார்ந்து ஊர் மழை, அரியலூர் மழை எல்லாம் பேசினார். கடைசியில் என் பக்கம் திரும்பாமலே சொன்னார்.

“களையெடுக்க ஆள் கெடைக்கல. அனுப்பிவையுங்க.”

அம்மா என் புடவைகளை மடித்துப் பையில் வைத்தாள்.

திரும்பிப் போய் நாலைந்து நாள் இருக்கும். கொல்லைக் குப்பைமேட்டுக்குச் சாணி கொட்டப் போனவள் அப்படியே நின்றுவிட்டேன். நான் போன பிறகு மிச்சக் கிழங்கை முறத்தோடு கொண்டுவந்து அங்கே கொட்டியிருக்கிறார்கள். ஐப்பசி மழைக்கு அது குப்பைக்குள்ளிருந்தே முளைத்துப் பூத்து நின்றது. இளஞ்சிவப்பாக, அந்தக் கொல்லையில் அவ்வளவு நிறையப் பூத்து நான் பார்த்ததில்லை. யாராவது பார்ப்பதற்குள் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிடுங்கினேன். கையோடு வராததைக் குச்சியால் தோண்டி எடுத்தேன். தோலை உரித்து நசுக்கி, மறுபடி முளைக்காதபடி சாணிக்குள் போட்டு மிதித்தேன். முடித்துவிட்டுக் கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினேன். பிற்காலத்தில் என் மகள் காலேஜில் தாவரவியல் படித்தபோது, வெங்காயமும் லில்லியும் ஒரே குடும்பம் என்று புத்தகத்தைக் காட்டிச் சொன்னாள். நான் சிரித்தேன். எதற்கென்று அவளுக்குப் புரியவில்லை.

அடுப்படி எனக்கு இல்லை என்றார்கள். மாமியாரே சமைத்தார். மண்ணும் உமியும் சோற்றில் வந்தன, யாரும் வாய் திறக்கவில்லை. ஒரு நாள் கொதிக்கிற உலையில் கையை வைத்துவிட்டார். அதற்குப் பிறகுதான் அடுப்படி என் கைக்கு வந்தது. மன்னித்து ஒன்றும் கொடுக்கவில்லை. கூடவே ஒரு வழக்கமும் வந்தது. நான் ஆக்கியதை முதலில் நான் தின்று காட்ட வேண்டும். மாமியார் முன்னால் உட்கார்ந்து, குழம்பு ஊற்றிப் பிசைந்து ஒரு வாய் சாப்பிட வேண்டும். அவருக்கு என் வாய் அசைவது தெரியாது. “முழுங்கிட்டியா?” என்று கேட்பார். “முழுங்கிட்டேங்க அத்தை,” என்று நான் சொன்ன பிறகு அவருக்குப் போடுவேன். எனக்கு மகள் பிறந்தாள், மகன் பிறந்தான். பிள்ளைகள் இரண்டும், எல்லா வீட்டிலும் அம்மா முதல் வாய் சாப்பிடுவாள் என்றே நினைத்து வளர்ந்தன. என் கணவர் பக்கத்தில் இலைக்கு முன்னால் காத்திருப்பார்.

எண்பதுகளில் பெரம்பலூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் இலவசக் கண் முகாம் போட்டார்கள். அதற்குள் மாமியாருக்குச் சுவரைத் தடவித்தான் நடக்க முடியும். மறைக்க இனி ஒன்றும் இல்லை என்றானதும் வரச் சம்மதித்தார். நானும் என் கணவரும் நாத்தனாரும் கூடப் போனோம். டாக்டர் இமையைத் தூக்கி டார்ச் அடித்துப் பார்த்தார்.

“புரை முத்திப்போயிருக்கே. எத்தன வருஷமா இருக்கு?”

“எனக்குக் கல்யாணமாயி அடுத்த வருஷமே மங்க ஆரம்பிச்சிடுச்சுங்க சார்,” என்றார் என் கணவர். தடங்கலே இல்லாமல், மாட்டின் வயதைச் சொல்வதுபோலச் சொன்னார். “வெங்காயம் பொறுக்கக்கூட முடியாதுங்க. நான்தான் பின்னாடியே பொறுக்குவேன்.”

டாக்டர் எழுதிக்கொண்டார். நாத்தனார் பெஞ்சின் மறுகோடியைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாமியார் தலையைக் குனிந்துகொண்டார். நாலு பேருக்கும் கேட்டது. நான் இரண்டு நாள் காத்திருந்தேன், ஆபரேஷன் முடிந்து கட்டு பிரிக்கிற வரைக்கும். யாராவது ஒரு சொல் சொல்வார்கள் என்று. தடித்த கண்ணாடி போட்டுக்கொண்டு மாமியார் என்னை முதலில் பார்த்தபோது, “எளச்சுப்போயிட்டியே,” என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

கண்ணாடி வந்த பிறகும் முதல் வாய் என்னுடையதாகவே இருந்தது. முழுங்கிவிட்டாயா என்று கேட்பது மட்டும் நின்றது. அதுதான் இப்போது அவருக்கே தெரிகிறதே.

அதற்கு இரண்டு வருஷம் கழித்து நாத்தனார் மகள் பெரியவளானாள். சிறுவாச்சூரில் சடங்கு. தாய்மாமன் சீர் நாங்கள்தான் செய்ய வேண்டும். புடவை, பாவாடை, பழத்தட்டு எல்லாம் எடுத்துப் போனோம். கோயிலுக்குக் கூட்டம் வருகிற நாள், தேங்காய்க் கடையை உறவுக்காரர்களிடம் விட்டுவிட்டு எல்லோரும் வீட்டில் நிறைந்திருந்தார்கள். மாமன் பெண்டாட்டி முதலில் இனிப்பு ஊட்ட வேண்டும் என்றார்கள். நான் கிண்ணத்தில் சர்க்கரைப் பொங்கலை எடுத்துக்கொண்டு போனேன். அந்தப் பெண் பட்டுப்பாவாடையில் பலகையில் உட்கார்ந்திருந்தாள். லாரியில் என் மடியில் கிடந்த முகம் அப்படியே இருந்தது.

அவள் வாயைத் திறக்கவில்லை. தன் அம்மாவைப் பார்த்தாள்.

“வேணாம்மா,” என்றாள் மெதுவாக.

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். யாரோ ஏன் என்று கேட்டார்கள். மாமியார் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்.

“சின்னதுல அவ அத்தை கையால பட்ட பாடு அப்படி. இவளும் பாவம், புள்ளயில்லாத ஏக்கம், ஏதோ புத்தி கெட்டுப்போச்சு. நாங்களா இருக்கப்போயி மன்னிச்சு வச்சுக்கிட்டோம். வேற வூடா இருந்தா நடந்திருக்குமா?”

“பெரிய மனசு,” என்றாள் கூட்டத்தில் ஒருத்தி.

அவர் பொய் சொல்வதாக எனக்குத் தோன்றவில்லை. அப்படித்தான் அவருக்கு நினைவிருந்தது. அந்தப் பெண்ணும் அதைக் கேட்டுத்தான் வளர்ந்திருக்கிறாள். கிழங்கை முந்தானையில் முடிந்துபோய் டாக்டரிடம் காட்டியது யார் என்று அவளிடம் யாரும் சொன்னதில்லை. கிண்ணத்திலிருந்து ஒரு விரலளவு எடுத்து என் வாயில் போட்டு விழுங்கினேன். பழக்கதோஷம். பிறகுதான் அவள் வாயைத் திறந்தாள். நான் ஊட்டினேன். என் கணவர் இரண்டு அடி தள்ளி, மாலையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றிருந்தார்.

சாயங்காலம் மெயின்ரோட்டில் பஸ்ஸுக்கு நின்றோம். பிள்ளைகள் கடைப்பக்கம் போயிருந்தன. மாமியார் அன்றிரவு மகள் வீட்டில் தங்கிவிட்டார். திருச்சிப் பக்கம் போகிற லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாகப் போய்க்கொண்டிருந்தன.

“இன்னைக்காவது நீங்க சொல்லியிருக்கலாம்,” என்றேன்.

அவர் எதைப் பற்றி என்று கேட்கவில்லை. அது ஒன்றே எனக்குப் போதுமான பதிலாக இருந்திருக்கும். ஆனால் அவர் பேசினார்.

“இப்ப சொல்லி என்ன ஆவப்போவுது? அவுங்களுக்கும் வயசாயிடுச்சு.”

“எனக்கு?”

அவர் ரோட்டைப் பார்த்தார். “நான் உன்னத் திருப்பிக் கூட்டியாந்தேன்ல,” என்றார்.

பஸ் வந்தது. பெண்கள் பக்கம் ஒரு இடம் இருந்தது, பிள்ளைகளை மடியில் நெருக்கி உட்கார வைத்துக்கொண்டேன். அவர் கம்பியைப் பிடித்துக்கொண்டு என் பக்கத்திலேயே நின்று வந்தார். வீடு போய்ச் சேர்ந்ததும் பிள்ளைகளுக்குப் பசி என்று உலை வைத்தேன்.